கிராஞ்சியின் சிற்றலை: சோவியத் வீழ்ச்சிக்கு முன்னும் பின்னும்

சிங்கப்பூரின் வடகரையில் ஜோகூர் நீரிணையை ஒட்டிக் கிடக்கும் கிராஞ்சி, போர் நினைவிடத்தாலும் நீர்த்தேக்கத்தாலும் பிற்காலத்தில் குதிரைப் பந்தயத் திடலாலும் பெயர் பெற்ற பகுதி. ஆனால் 1979ஆம் ஆண்டு முதல் அங்கே இயங்கிய பிபிசியின் தூரக் கிழக்கு அஞ்சல் நிலையம், இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் உலகையே புரட்டிப்போட்ட பொதுவுடைமை ஆட்சிகளின் சரிவோடும், அதன் பின் ரஷ்யா நடந்த வழியோடும் அந்தப் பகுதியைப் பிணைத்திருந்தது என்பது பேசப்படுவது குறைவு. அஞ்சல் நிலையம் என்பது ஓரிடத்தில் தயாராகும் நிகழ்ச்சியைப் பெற்று, வேறோர் இடத்திலிருந்து மீண்டும் வலுவாக ஒலிபரப்பும் நிலையம். சிற்றலை, வானத்தின் உயரத்தில் சூரியக் கதிர்களால் மின்னூட்டம் பெற்ற அயனி மண்டலம் என்னும் அடுக்கில் பட்டுத் திரும்பித் தரைக்கு வருவதால், ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் தாண்டிச் செல்லும். ஆனாலும் லண்டனிலிருந்து கிளம்பும் அலை, பல முறை மேலும் கீழும் எதிரொலித்துக் கிழக்காசியாவை அடைவதற்குள் இளைத்துவிடும். அந்த இளைப்பைப் போக்கவே, உயர்ந்த கம்பங்களுக்கு இடையே திரைபோலக் கம்பிகளைக் கட்டி நிறுத்துவதற்கு ஏற்ற வெட்டவெளி சிங்கப்பூரில் தேவைப்பட்டது.

இந்தத் தேவையின் வேர் பொதுவுடைமை எதிர்ப்போடு பின்னியது. 1946இல் சிங்கப்பூரில் தொடங்கப்பட்ட பிரிட்டிஷ் தூரக் கிழக்கு ஒலிபரப்புச் சேவையை 1948இல் பிபிசி ஏற்றுக்கொண்டது. அதே ஆண்டு ஜூன் மாதம் மலாயாவில் பொதுவுடைமைக் கட்சியின் ஆயுதப் போராட்டத்தை ஒடுக்க அவசரநிலை அறிவிக்கப்பட்டது. அலைபரப்பிகள் நீரிணைக்கு அப்பால் ஜோகூரின் தெப்ராவில் நிறுவப்பட்டு, மலேசியாவும் சிங்கப்பூரும் தனித்தனி நாடுகளான பின்னும் அங்கேயே இருந்து, இறுதியில் 1979இல் கிராஞ்சிக்கு இடம் பெயர்ந்தன. அவ்வாண்டிலேயே வியட்நாமின் காம் ரான் விரிகுடாவைச் சோவியத் கடற்படை தன் தளமாகப் பெற்றது. ஒருபக்கம் போர்க்கப்பல், மறுபக்கம் ஒலியலை என இரு வல்லரசு முகாம்களும் தென்கிழக்காசியக் கடலோரத்தில் ஒரே காலத்தில் கால் ஊன்றின என்பதை நினைத்தால்தான் கிராஞ்சியின் இடம் புரியும். மாண்டரின், வியட்நாமியம், ஆங்கிலம் முதலிய மொழிகளின் ஒலிபரப்பை அது சுமந்து சென்றது. ஐரோப்பிய ரஷ்யாவுக்கான ஒலிபரப்பு அதற்கு நெருக்கமான வேறு நிலையங்களிலிருந்து சென்றது. இரண்டும் ஒரே நிர்வாகத்தின், ஒரே வரவுசெலவின் கீழ் இருந்தன. மாஸ்கோவில் நிகழ்ந்த மாற்றம் கிராஞ்சியை எட்டியது அந்த வழியாகத்தான்.

சோவியத் நாட்டில் வெளிநாட்டு வானொலியைக் கேட்பது எளிதான செயலாக இருக்கவில்லை. பிபிசியின் ரஷ்ய மொழிச் சேவை 1946 மார்ச் 24 அன்று தொடங்கியது. ஏறத்தாழ மூன்றாண்டுகளில், 1949இல், அதன் அலைவரிசையிலேயே பேரிரைச்சலைப் பரப்பிக் குரலை மூழ்கடிக்கும் ஒலி இடையூறு தொடங்கிவிட்டது. இதைச் செய்யும் கருவிகளை ரஷ்யர்கள் 'குளுஷீல்கி' என்றார்கள்; அமுக்கிகள் என்று தமிழில் சொல்லலாம். அந்த இரைச்சல், அரசியல் தட்பவெப்பத்தைக் காட்டும் கருவிபோல ஏறி இறங்கியது: 1963இல் ஓய்ந்தது; 1968 ஆகஸ்டில் செக்கோஸ்லோவாக்கியாவுக்குள் சோவியத் டாங்கிகள் நுழைந்ததும் திரும்பியது; 1973இல் மீண்டும் நின்றது; 1980 ஆகஸ்டில் போலந்துத் தொழிலாளர் வேலைநிறுத்தம் வெடித்தபோது மறுபடி முழங்கியது. இதைவிடக் கூர்மையான ஏற்பாடு வானொலிப் பெட்டிக்குள்ளேயே இருந்தது. ரீகாவில் செய்யப்பட்ட ஸ்பிடோலா போன்ற, உள்நாட்டில் விற்கப்பட்ட பெரும்பாலான பெட்டிகளின் அலைவரிசைத் தட்டு 25 மீட்டரோடு முடிந்துவிடும். பகல் வேளையில் தொலைதூரத்திலிருந்து தெளிவாகக் கேட்கக்கூடிய 19, 16, 13 மீட்டர் அலைவரிசைகள் அதில் இரா. ஏற்றுமதிக்கென்று செய்த பெட்டிகளில் மட்டும் அவை இருந்தன. தணிக்கை என்றால் வெட்டப்பட்ட நாளிதழ் பத்தி நினைவுக்கு வரும். இங்கே தொழிற்சாலையின் வரைபடத்திலேயே தணிக்கை எழுதப்பட்டிருந்தது. ஆயினும் பெட்டியைப் பிரித்துச் சுருளை மாற்றிக் கட்டி, விடுபட்ட அலைவரிசையைத் தாமே சேர்த்துக்கொண்டவர்கள் அந்நாட்டில் ஏராளம்.

மிகயீல் கோர்பச்சேவ் 1985இல் சோவியத் தலைவராகப் பொறுப்பேற்ற பின் முன்வைத்த 'கிளாஸ்னோஸ்த்', அதாவது ஒளிவுமறைவற்ற பேச்சு என்னும் கொள்கை, முதலில் தொட்டவற்றுள் ஒன்று இந்த இரைச்சல். 1987 ஜனவரியில் பிபிசி மீதான இடையூறு நின்றது. 1988 நவம்பர் இறுதியில் மற்றொரு வெளிநாட்டு வானொலியான லிபர்ட்டி மீதானதும் நின்றது. 1990இன் பத்திரிகைச் சட்டம் முன்தணிக்கையை ஒழித்தது. 'வாதங்களும் உண்மைகளும்' என்று பொருள்படும் பெயர் கொண்ட வார இதழ் அவ்வாண்டில் 3 கோடிக்கும் அதிகமான படிகள் விற்றது என்பதிலிருந்து, அம்மக்கள் செய்திக்காக எவ்வளவு பசித்திருந்தார்கள் என்பதை உணரலாம். 1991 ஆகஸ்டில் ஆட்சிக்கவிழ்ப்பு முயற்சி நடந்தபோது, கிரிமியாவின் ஃபோரோஸில் தொலைபேசி இணைப்புகள் அறுக்கப்பட்டு அடைபட்டுக் கிடந்த கோர்பச்சேவுக்கு, பணியாளர் அறைகளில் கிடந்த பழைய வானொலிப் பெட்டிகளைக் காவலர்கள் தேடியெடுத்துக் கம்பி கட்டிக் கொடுத்தார்கள். அரசுத் தொலைக்காட்சி 'அன்ன ஏரி' நடனத்தைத் திரும்பத் திரும்பக் காட்டிக்கொண்டிருந்த அந்த மூன்று நாட்களில், சோவியத் நாட்டின் அதிபர் தன் நாட்டில் என்ன நடக்கிறது என்பதை பிபிசி உள்ளிட்ட வெளிநாட்டு வானொலிகள் வழியே தெரிந்துகொண்டதாக மாஸ்கோ திரும்பிய பின் பத்திரிகையாளர்களிடம் சொன்னார். பேரரசின் தலைமை, தானே நெடுங்காலம் அமுக்கி வைத்திருந்த குரலிடம் செய்தி கேட்டது. அடுத்த நான்கு மாதங்களில் சோவியத் ஒன்றியம் இல்லாமல் போனது.

இதற்குப் பிந்தைய பத்தாண்டைச் சுதந்திரத்தின் பொற்காலம் என்று மட்டும் சொல்வது அரைகுறையான வரலாறு. 1992 ஜனவரி 2 அன்று ரஷ்ய அதிபர் எல்ட்சினின் அரசு பெரும்பாலான பொருள்களின் விலைக் கட்டுப்பாட்டை ஒரே நாளில் தளர்த்தியது. அவ்வாண்டின் விலையேற்றம் 2,500 விழுக்காட்டை ஒட்டியது. ஆயுள் முழுதும் சேர்த்த வங்கிச் சேமிப்பு சில மாதங்களில் கரைந்தது. அரசுச் சொத்தை மக்களுக்குப் பங்கிடுவதாகச் சொல்லி 10,000 ரூபிள் முகமதிப்புள்ள வவுச்சர்கள் என்னும் பங்குச்சீட்டுகள் ஒவ்வொருவருக்கும் வழங்கப்பட்டன. பெருந்தொழில்கள் போய்ச் சேர்ந்ததோ ஒரு சிலரின் கைக்கு. காகித விலையும் அஞ்சல் கட்டணமும் ஏறியதும் கோடிக்கணக்கில் விற்ற இதழ்கள் வாசகர்களை இழந்தன. தணிக்கையால் ஒடுங்காதிருந்த வாசிப்பு விலைவாசியால் ஒடுங்கியது. தொலைக்காட்சி பெருஞ்செல்வர்களிடம் சென்றது. 1996 அதிபர் தேர்தலில் அவர்கள் எல்ட்சின் பக்கம் நின்றார்கள். 2001 ஏப்ரலில் தனியார் அலைவரிசையான என்டிவியை அரசுச் சார்புள்ள எரிவாயு நிறுவனமான காஸ்புரோம் கைப்பற்றியபோது, செல்வர்களிடமிருந்து அரசின் பிடிக்கு அது மாறியது. குடிமக்களின் உடைமையாகத் தொலைக்காட்சி ஒருபோதும் இருந்ததில்லை.

தனியார்மயம் என்னும் அலை மாஸ்கோவோடு நிற்கவில்லை. 1997இல் பிபிசி உலகச் சேவையின் அலைபரப்பிகளை நடத்தும் பொறுப்பு, மேலாளர்களே அமைத்த மெர்லின் கம்யூனிகேஷன்ஸ் என்னும் நிறுவனத்துக்கு மாறியது. கிராஞ்சியும் அதில் அடக்கம். எதிர்முகாமில், 1929 முதல் வெளிநாடுகளுக்கு ஒலிபரப்பி, தமிழ் உட்படப் பல மொழிகளில் பேசிவந்த மாஸ்கோ வானொலி, 1993இல் 'ரஷ்யாவின் குரல்' எனப் பெயர் மாறிப் பணமின்றித் தேய்ந்தது. ஆண்டுக் குத்தகையைச் சுமக்க மனமின்றி ரஷ்யக் கடற்படை 2002இல் காம் ரான் விரிகுடாவை விட்டு வெளியேறியது. பகைமை ஓய்ந்தபோது, பகைமைக்காகக் கட்டப்பட்ட கம்பங்கள் இருபக்கமும் வெறும் செலவுக் கணக்காயின.

2011 ஜனவரியில் பிபிசி வெளியிட்ட அறிவிப்பு இந்தக் கதையின் மையம். பிரிட்டிஷ் அரசின் நிதிக் குறைப்பால் வானொலி நிகழ்ச்சிகளை நிறுத்தும் மொழிகளின் பட்டியலில் ரஷ்யமும் மாண்டரினும் வியட்நாமியமும் ஒருங்கே நின்றன. மாண்டரின், வியட்நாமியம் என்றால் கிராஞ்சியின் வேலை. ரஷ்யம் என்றால் 65 ஆண்டு மரபு. இணையம் வந்துவிட்டது, தணிக்கையின் காலம் முடிந்துவிட்டது என்பது அந்த முடிவின் அடியில் இருந்த நம்பிக்கை. ஆனால் நான்காண்டுகளுக்கு முன்பே, 2007இல், ரஷ்யாவுக்குள் பிபிசியைப் பண்பலையில் மறு ஒலிபரப்பு செய்த கடைசி உள்ளூர் நிலையமும் அதை நிறுத்தியிருந்தது. சீனாவில் இணையத்தின் கதவுகள் மூடத் தொடங்கியிருந்தன. அந்த முடிவைத் தவறு என்று சொல்லத் தயங்க வேண்டியதில்லை. நேயர் குறைந்தார்கள் என்பது உண்மையாயினும், இணையத்துக்குத் திறவுகோல் அந்தந்த அரசிடம் இருக்கிறது, சிற்றலையை இரைச்சலால் அமுக்கலாமே தவிர முழுதாகப் பூட்ட முடியாது என்ற வேறுபாடு அங்கே போதிய அளவு எடைபோடப்பட்டதாகத் தெரியவில்லை. இலங்கைப் போர்க்காலத்தில் ஊரடங்குக்குள் அடைபட்டிருந்த தமிழர்கள் இரவுதோறும் காதோடு ஒட்டிக் கேட்ட பிபிசி தமிழோசையின் வானொலி நிகழ்ச்சியும், 76 ஆண்டுகளுக்குப் பின், 2017 ஏப்ரல் 30 அன்று ஓய்ந்தது.

ரஷ்யாவின் குரல் 2014 வசந்தத்தில் சிற்றலையைக் கைவிட்டது. அவ்வாண்டு நவம்பரில் ஸ்புட்னிக் என்ற பெயரில் இணையத்துக்கேற்ற வேறோர் அமைப்பு அதன் இடத்துக்கு வந்தது. 2022 பிப்ரவரியில் ரஷ்யப் படைகள் உக்ரைனுக்குள் நுழைந்தன. 1990இல் தொடங்கி, 1991 ஆட்சிக்கவிழ்ப்பு முயற்சியின்போது மக்களிடம் பேசிய 'மாஸ்கோவின் எதிரொலி' வானொலி மார்ச் 1 அன்று நிறுத்தப்பட்டு, இரண்டு நாளில் கலைக்கப்பட்டது. அதே வாரத்தில் பிபிசி, உக்ரைனுக்கும் ரஷ்யாவின் சில பகுதிகளுக்கும் நாள்தோறும் நான்கு மணி நேரம் ஆங்கிலச் செய்தியைச் சிற்றலையில் மீண்டும் அனுப்பத் தொடங்கியது. அதற்கென அறிவிக்கப்பட்ட அலைவரிசைகள் இரண்டு: ஒன்று 5,875 கிலோஹெர்ட்ஸ், மற்றொன்று 15,735 கிலோஹெர்ட்ஸ். பின்னது 19 மீட்டர் அலைவரிசையைச் சேர்ந்தது. பரணில் கிடந்த பழைய சோவியத் பெட்டியைத் தூசி தட்டி எடுத்தவர்கள், அதன் தட்டில் முள்ளை எவ்வளவு திருப்பினாலும் 25 மீட்டரோடு நின்றுவிட, அந்த இடத்தைத் தொட முடியாமல் போயிருப்பார்கள்.