ஆடுகளத்தில் நின்ற இதயங்கள்: கீழ்நிலை லீக் வீரர்களின் மரணமும் முதலுதவியின் வரலாறும்

2012 மார்ச் 21. பெங்களூரு கால்பந்து அரங்கில் 'ஏ' டிவிஷன் லீக் ஆட்டம். பெங்களூரு மார்ஸ் அணியும் தென்மேற்கு ரயில்வே அணியும் மோதின. 73ஆம் நிமிடத்தில் மாற்று ஆட்டக்காரராக இறங்கிய மார்ஸ் வீரர் டி. வெங்கடேஷ், ஆட்டம் முடியும் தறுவாயில் களத்திலேயே சரிந்தார். வயது 27. அரங்கில் ஆம்புலன்ஸ் இல்லை. ஆட்டோவில் ஏற்றி மருத்துவமனைக்குக் கொண்டுபோனார்கள். பிழைக்கவில்லை. மாரடைப்பு என்று செய்தித்தாள்கள் எழுதின.

அதற்கு நான்கு நாள் முன்பு லண்டனில் எஃப்.ஏ. கோப்பைக் காலிறுதியில் போல்டன் அணியின் ஃபப்ரிஸ் முவாம்பாவும் இப்படித்தான் விழுந்தார். மருத்துவக் குழு உடனே நெஞ்சை அழுத்தத் தொடங்கியது. பார்வையாளர் வரிசையில் இருந்த இதய மருத்துவர் ஆண்ட்ரூ டீனர் களத்துக்குள் ஓடிவந்தார். 78 நிமிடம் நின்றுபோயிருந்த இதயம், 15 முறை மின் அதிர்ச்சி கொடுத்தபின் மீண்டும் துடித்தது. முவாம்பா இன்றும் உயிரோடு இருக்கிறார்.

ஒரே வாரத்தில் நடந்த இந்த இரண்டு நிகழ்வுகளையும் அருகருகே வைத்துத்தான் கால்பந்துக் கள மரணங்களின் வரலாற்றைப் படிக்க வேண்டும் என்பது என் கருத்து. நோய் லீக் பார்த்து வருவதில்லை. விழுந்தவருக்கு முதல் சில நிமிடங்களில் என்ன கிடைக்கிறது என்பதில்தான் மேல்நிலை ஆட்டக்காரரும் கீழ்நிலை ஆட்டக்காரரும் பிரிகிறார்கள்.

இந்த வரலாற்றில் முக்கியமான பெயர் டேவிட் லாங்ஹர்ஸ்ட். 1965இல் பிறந்தவர். நாட்டிங்காம் ஃபாரஸ்டில் பயிற்சி பெற்றாலும் முதல் அணியில் இடம் அமையவில்லை. ஹாலிஃபாக்ஸ் டவுன், நார்தாம்ப்டன் டவுன், பீட்டர்பரோ என்று ஊர் ஊராக மாறி, 1990 தொடக்கத்தில் யார்க் சிட்டிக்கு வந்தார். யார்க் அப்போது நான்காம் டிவிஷன், ஆங்கில லீக்கின் கடைசிப் படி. பெரிய கிளப் வேண்டாம் என்று அனுப்பியபின்னும், சிறிய ஊர்களில் சனிக்கிழமைதோறும் சில ஆயிரம் பேர் முன்னால் கோல் போட்டுப் பிழைக்கும் முன்கள வீரர்கள் அந்நாட்டில் நூற்றுக்கணக்கில் உண்டு. லாங்ஹர்ஸ்ட் அவர்களில் ஒருவர். 1990 செப்டம்பர் 8 அன்று பூதம் கிரசென்ட் மைதானத்தில் லிங்கன் சிட்டிக்கு எதிரான ஆட்டத்தின் முதல் பாதி முடியும் நேரத்தில் விழுந்தார். எழவில்லை. ஆட்டம் கைவிடப்பட்டது. வயது 25. விசாரணையில் அவருக்கு அரிதான இதயத் தசை நோய் இருந்தது தெரியவந்தது. மைதானத்தின் ஒரு முனையில் கூரையோடு அமைந்த பார்வையாளர் மாடத்துக்கு அவர் பெயரைச் சூட்டினார்கள்.

அதற்கு முன் ஆங்கில லீக் ஆட்டத்தில் களத்திலேயே வீரர் ஒருவர் விழுந்து இறந்தது 1927இல். பரி அணியின் சாம் வின், ஷெஃபீல்டில் ஃப்ரீ கிக் அடிக்கப் போனபோது சரிந்தார். நிமோனியா என்றது பிரேதப் பரிசோதனை. காய்ச்சலோடு ஆட வந்த தொழிலாளியின் கதையாக அது முடிந்துபோனது. லாங்ஹர்ஸ்ட் விஷயத்தில் மரணத்துக்குப் பெயருள்ள காரணம் கிடைத்தது. முன்கூட்டியே கண்டுபிடித்திருக்க முடியாதா என்ற கேள்வியும் அதோடு வந்தது.

இத்தாலி அந்தக் கேள்விக்கு முன்பே விடை சொல்லியிருந்தது. போட்டி விளையாட்டில் இறங்கும் எவரும் இதயப் பரிசோதனை செய்துகொள்ள வேண்டும் என்ற விதி அங்கே 1982இல் நடைமுறைக்கு வந்தது. வெனிட்டோ மாநிலத்தில் இளம் வீரர்களின் திடீர் மரணம், ஆண்டுக்கு லட்சம் பேரில் 3.6 என்ற நிலையிலிருந்து 2004க்குள் 0.4 ஆகக் குறைந்ததாக ஆய்வாளர்கள் காட்டினார்கள். இங்கிலாந்தும் 1990களின் பிற்பாதியில் இளம் வீரர்களைப் பரிசோதிக்கத் தொடங்கியது.

ஆனால் பரிசோதனையோடு வேலை முடிந்துவிட்டது என்று நம்புவது ஆபத்து. 1996 முதல் 2016 வரை இங்கிலாந்தில் 11,168 இளம் கால்பந்து வீரர்களைச் சோதித்த ஆய்வு இதைத் தெளிவாகச் சொல்கிறது. 42 பேருக்கு உயிர்க்கொல்லி இதயக் கோளாறு இருந்தது கண்டுபிடிக்கப்பட்டது. அது பெரிய பயன். சோதிக்கப்பட்டவர்களில் எட்டுப் பேர் பிற்பாடு இதயம் நின்று இறந்தார்கள். அவர்களில் ஆறு பேரின் பரிசோதனை முடிவு இயல்பாகவே இருந்தது. முவாம்பாவும் பரிசோதனையில் தேறியவர்தான். எனவே வரலாறு தவிர்க்க முடியாமல் ஆய்வகத்திலிருந்து மைதானத்தின் ஓரத்துக்கு நகர்ந்தது. இதயம் ஒழுங்கற்றுத் துடிதுடித்து நிற்கும்போது, மின் அதிர்ச்சி தாமதமாகும் ஒவ்வொரு நிமிடமும் பிழைக்கும் வாய்ப்பு 7 முதல் 10 சதவீதம் குறைகிறது. பத்து நிமிடம் போனால் வாய்ப்பு அநேகமாக இல்லை.

2003 ஜூன் 26 அன்று லியோனில் கேமரூன் வீரர் மார்க்-விவியன் ஃபோ உலகமே பார்க்க விழுந்து இறந்தார். 2006 உலகக் கோப்பைக்கு முன் வீரர்கள் அனைவருக்கும் மருத்துவப் பரிசோதனை என்று ஃபிஃபா ஏற்பாடு செய்தது. 2021 ஜூன் 12 அன்று கோபன்ஹேகனில் கிறிஸ்டியன் எரிக்சன் விழுந்தார். களத்திலேயே மீட்கப்பட்டு, எட்டு மாதத்தில் மீண்டும் பிரீமியர் லீக்கில் ஆடினார். அவர் விழுந்த பின்தான் பிரீமியர் லீக், உள்ளூர்க் கிளப்புகளுக்கு மின் அதிர்ச்சி தரும் டிஃபிப்ரிலேட்டர் கருவி வழங்கப் பணம் ஒதுக்கியது. லாங்ஹர்ஸ்ட் இறந்து 31 ஆண்டு கழித்து அவரைப் போன்றவர்கள் ஆடும் மைதானங்களுக்கு அந்தக் கருவி பெருமளவில் போய்ச் சேர, ஒரு நட்சத்திர வீரர் தொலைக்காட்சியில் விழ வேண்டியிருந்தது. இதை நான் வருத்தத்தோடு பதிவு செய்கிறேன்.

இந்தியாவின் கதை இன்னும் மெதுவானது. வெங்கடேஷுக்கு ஏழு ஆண்டு முன்பு, 2004 டிசம்பர் 5 அன்று அதே பெங்களூருவில் ஃபெடரேஷன் கோப்பை இறுதியாட்டம். டெம்போ அணியின் பிரேசில் வீரர் கிறிஸ்டியானோ ஜூனியர், தன் இரண்டாவது கோலை அடிக்கும்போது மோகன் பகான் கோல்காப்பாளர் மீது மோதி விழுந்து இறந்தார். கோல்காப்பாளர் செய்தது குற்றமா என்ற விவாதம் பெரிதாக ஓடியது. அவர் இடைநீக்கமும் செய்யப்பட்டார். களத்தோர மருத்துவ வசதி அந்த அளவுக்குப் பேசப்பட்டிருந்தால், 2012இல் அதே நகரின் லீக் அரங்கில் ஒரு வண்டியாவது நின்றிருக்கும். 2019 டிசம்பர் 29 அன்று, கொல்கத்தாவின் மூன்று பெரிய அணிகளுக்கும் ஆடிய பாலக்காட்டுத் தடுப்பாட்டக்காரர் ஆர். தனராஜன், பெரிந்தல்மண்ணாவில் எழுவர் கால்பந்துப் போட்டியில் நெஞ்சுவலியோடு சரிந்து இறந்தார்.

சேலம் மாவட்டத்தின் ஆத்தூர்ப் பக்கம் இதெல்லாம் தூரத்துச் செய்தி அல்ல. 2022 ஜூலையில் பண்ருட்டி அருகே மானடிக்குப்பத்தில் ஆடும்போதே உயிரிழந்த கபடி வீரர், சேலத்தில் கல்லூரியில் படித்துவந்தவர். வசிஷ்ட நதிக் கரையிலிருந்து தலைவாசல், கெங்கவல்லி வரை கோயில் திருவிழாவை ஒட்டியும் பொங்கலை ஒட்டியும் கபடி, கைப்பந்து, கால்பந்துப் போட்டிகள் நடக்கின்றன. சேகோ ஆலையில் ஷிப்டு முடித்துவிட்டு இரவு ஆட்டத்துக்கு வருகிறவர்களும் ஆடுகிறார்கள். இத்தகைய போட்டிகளின் நோட்டீஸ்களில், காயங்களுக்கு முதலுதவி மட்டுமே அளிக்கப்படும் என்ற வரி வழக்கமாக இருக்கும். அந்த முதலுதவி பெரும்பாலும் பஞ்சும் டிஞ்சரும் ஐஸ் கட்டியும்தான். சேலத்தின் பெரிய மருத்துவமனைகள் ஏறத்தாழ 50 கிலோமீட்டர் தொலைவில். 2008இல் தொடங்கிய 108 சேவை தமிழகத்தில் எத்தனையோ உயிரைக் காத்திருக்கிறது. ஆனால் திருவிழாக் கூட்டத்தைக் கடந்து வண்டி வந்து சேர்வதற்குள் அந்தப் பத்து நிமிடம் போய்விடும்.

ஆகவே விழாக்குழுவினரிடமும் உடற்கல்வி ஆசிரியர்களிடமும் என் வேண்டுகோள் இது. சுழற்கோப்பைக்குச் செலவிடும் பணத்தில் ஒரு பங்கை ஒதுக்குங்கள். நடுவர்களுக்கும் அணித் தலைவர்களுக்கும் நெஞ்சழுத்த முதலுதவியை ஒரு ஞாயிற்றுக்கிழமை செவிலியரை அழைத்துக் கற்றுக்கொடுங்கள். ஊர்கள் சேர்ந்து ஒரு டிஃபிப்ரிலேட்டர் வாங்கிப் போட்டிக்குப் போட்டி சுற்றுக்கு விடலாம். ஆம்புலன்ஸ் உள்ளே வர ஒரு வழியைக் கயிறு கட்டி ஒதுக்கிய பிறகே விசில் ஊதுங்கள்.