எஸ்02: மண்டையோடு, முக எலும்பு முறிவுகளின் நோய்க்குறியீடு

உலக சுகாதார நிறுவனத்தின் பன்னாட்டு நோய் வகைப்பாடு, சுருக்கமாக ஐசிடி, தன் பத்தாம் திருத்தத்தில் மண்டையோடு, முக எலும்பு முறிவுகளுக்கு ஒதுக்கியிருக்கும் குறியீட்டு எண் எஸ்02. கேஸ் ஷீட்டில் மருத்துவர் எழுதும் நோயறிதலை மருத்துவமனையின் பதிவேட்டுப் பிரிவினர் இந்த எண்ணாக மாற்றுகிறார்கள். காப்பீட்டுக் கோரிக்கையும் மருத்துவமனைப் புள்ளிவிவரமும் அந்த எண்ணைப் பயன்படுத்துகின்றன.

இவ்வகைப்பாட்டின் வேர், பிரெஞ்சுப் புள்ளியியலாளர் ழாக் பெர்தியோன் 1893இல் முன்வைத்த இறப்புக் காரணப் பட்டியல். 1948இல் வந்த ஆறாம் திருத்தம் முதல் அதை உலக சுகாதார நிறுவனம் ஏற்று நடத்துகிறது. பத்தாம் திருத்தத்துக்கு உலக சுகாதாரப் பேரவை 1990இல் ஒப்புதல் அளித்தது. அதில் தலைக்காயங்கள் எல்லாம் எஸ்00 முதல் எஸ்09 வரை அடங்கும்: தலையின் திறந்த காயம் எஸ்01, மூளைக்காயமும் மூளையைச் சுற்றிய இரத்தக்கசிவும் எஸ்06.

எஸ்02க்குள் புள்ளிக்குப் பின் வரும் இலக்கம் எலும்பைச் சொல்கிறது. 0 மண்டையோட்டின் மேற்கூரை, 1 அடிப்பகுதி, 2 மூக்கெலும்பு, 3 கண்குழியின் தளம், 4 கன்ன எலும்பும் மேல்தாடையும், 5 பல், 6 கீழ்த்தாடை. ஒன்றுக்கு மேற்பட்ட முறிவுகளுக்கு 7, மேற்சொன்னவற்றில் சேராத எலும்புகளுக்கு 8, இடம் குறிப்பிடப்படாதவற்றுக்கு 9.

பார்க்க எளிதாகத் தோன்றினாலும், குறியிடப் பழகுவோர் தடுமாறும் இடங்கள் இதில் உண்டு. நெற்றியெலும்பு முறிந்தால் 0; அதே நெற்றிக்குள் இருக்கும் காற்றறையின் சுவர் முறிந்தால் 1. கண்குழி மூன்றாகப் பிரிந்து கிடக்கிறது: கூரை முறிந்தால் 1, தளம் முறிந்தால் 3, எந்தப் பகுதி என்று எழுதாமல் கண்குழி முறிவு என்று மட்டும் இருந்தால் 8. கண்குழியின் கூரைதான் மூளை அமர்ந்திருக்கும் தரை என்பதை நினைத்தால் இந்தப் பிரிவினையின் நியாயம் விளங்கும். பொட்டெலும்பும் பிடரியெலும்பும் அடிப்பகுதியோடு சேர்கின்றன. பல் உடைந்தால் எஸ்02. உடையாமல் இடம்பெயர்ந்தால் எஸ்03. தாடை மூட்டு நழுவுவதும் எஸ்03தான். பிரசவத்தின்போது குழந்தையின் மண்டையோட்டில் ஏற்படும் முறிவு காயங்களுக்கான இந்த அத்தியாயத்துக்கே வராது, அதற்கு பி13.0 உண்டு. பழைய முறிவின் பின்விளைவுகளுக்கு டி90.2.

மூடிய முறிவா, திறந்த முறிவா என்பதைக் கூடுதல் இலக்கம் ஒன்றால் காட்டலாம். குறிப்பில் எதுவும் இல்லையென்றால் மூடியது என்றே கொள்ள வேண்டும் என்பது விதி. எலும்பு முறிவுடன் மூளைக்காயமும் இருந்தால், மூளைக்காயத்தையே முதன்மை நோயாகக் கொள்ள வேண்டும் என்பது மற்றொரு விதி. உயிரைத் தீர்மானிப்பது பெரும்பாலும் உள்ளே நிகழ்ந்த சேதம்தான் என்பதால் இது மிகச் சரியான விதி. முதன்மைக் குறியீட்டை மட்டும் எண்ணும் ஆய்வுகளில் மண்டையோட்டு முறிவுகள் குறைவாகத் தெரிவதற்கும் இதுவே ஒரு காரணம்.

எஸ்02.7ஐ எளிதில் கைக்கொள்ளக் கூடாது. மூக்கும் கன்னமும் கீழ்த்தாடையும் முறிந்த ஒருவருக்கு அந்த ஒற்றை எண்ணைப் போட்டுவிட்டால், எந்தெந்த எலும்பு என்ற செய்தி அழிந்துபோகிறது. ஒவ்வொரு முறிவையும் தனித்தனியே குறிப்பதே நல்லது.

அமெரிக்காவில் 2015 அக்டோபர் 1 முதல் பயன்படும், பத்தாம் திருத்தத்தின் விரிவாக்கம் இன்னும் நுணுக்கமானது. ஏழு இடங்கள் கொண்ட அதன் குறியீட்டில் வலது, இடது பக்கமும், இது முதற்கட்டச் சிகிச்சையா தொடர் சிகிச்சையா என்பதும், எலும்பு கூடாமல் போனதா என்பதும்கூடப் பதிவாகின்றன. பிரெஞ்சு அறுவை மருத்துவர் ரெனே லெ ஃபோர் சடலங்களில் சோதனை செய்து 1901இல் வகுத்த மூன்று வகை மேல்தாடை முறிவுகளுக்கும் அதில் தனித்தனி எண்கள் உள்ளன. கீழ்த்தாடையும் மூட்டுமுனை, கோணம், நடுமுகவாய் என்று பிரிகிறது. 2022 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்த பதினோராம் திருத்தத்தில் இத்தொகுதியின் எண் என்ஏ02.

எஸ்02 தனியாக நின்றால் பாதிச் செய்திதான். காயம் எப்படி நேர்ந்தது என்பதை வேறொரு குறியீடு சொல்ல வேண்டும். மோட்டார் சைக்கிளில் சென்றவர் என்றால் வி20 முதல் வி29 வரை. ஓட்டியவரா பின்னால் அமர்ந்தவரா என்பதையும் அது காட்டும். கீழே விழுந்தவருக்கு டபிள்யூ00 முதல் டபிள்யூ19 வரை. தாக்கப்பட்டவருக்கு எக்ஸ்85 முதல் ஒய்09 வரை. சாலைப் பாதுகாப்புக்கும் வன்முறைத் தடுப்புக்கும் பயன்படக்கூடிய செய்தி இதுதான். இதை நிரப்பாமல் விடுவது பெரிய இழப்பு.

குறிப்பில் தலையில் அடி என்று மட்டும் இருந்தால், பதிவேட்டுப் பிரிவினர் எஸ்09.9க்கு மேல் எதுவும் போட முடியாது. சி.டி. ஸ்கேன் படத்தைத் தாங்களே பார்த்து முறிவு என்று முடிவுகட்டும் உரிமை அவர்களுக்கு இல்லை. மருத்துவரிடம் கேட்டுத்தான் ஆகவேண்டும். டிஸ்சார்ஜ் சம்மரி எழுதும் மருத்துவர்கள் எலும்பின் பெயர், பக்கம், முறிவு திறந்ததா மூடியதா, அடிபட்ட விதம் ஆகிய நான்கையும் தவறாமல் எழுத வேண்டும்.