வைன்: ஒரு துபாஷியின் கதை

தனி ஆளாக உட்கார்ந்து ஆர்.பி.ஜி. கேம் செய்பவர்கள் பலர் விண்டோஸுக்கு மட்டும்தான் செய்தார்கள். கெட்ட எண்ணம் ஒன்றும் இல்லை. அவர்கள் கையில் இருந்த ஆர்.பி.ஜி. மேக்கர் போன்ற கருவிகளே விண்டோஸில்தான் ஓடின. ஜப்பானில் கிகியாமா என்ற புனைபெயர்க்காரர் 2004-ல் இலவசமாக வெளியிட்ட 'யுமே நிக்கி' அப்படிப்பட்டதுதான். சரி, லினக்ஸ் வைத்திருப்பவர் அதை எப்படி ஆடுவது?

இதற்கான விடை 1993-லேயே தொடங்கிவிட்டது. பாப் ஆம்ஸ்டாட் தொடங்கிய வைன் திட்டத்தை அடுத்த வருடமே அலெக்சாந்த்ர் ஜூலியார் ஏற்றுக்கொண்டார். 'வைன் எமுலேட்டர் அல்ல' என்பதன் ஆங்கில முதலெழுத்துகள்தான் பெயர். "ஜன்னல் திற, சத்தம் எழுப்பு" என்று கேம் விண்டோஸிடம் கேட்பதை லினக்ஸுக்குப் புரியும்படி மாற்றிச் சொல்கிறது. அந்தக் கால துபாஷி வேலை!

மைக்ரோசாஃப்டின் மூல நிரல் கையில் கிடையாது. ஒவ்வொரு செயல்பாட்டையும் வெளியிலிருந்து சோதித்து, புதிதாக எழுத வேண்டும். அதனால்தான் 1.0 பதிப்பு வர 2008 ஜூன் ஆனது. பதினைந்து வருடங்கள்!

வணிகவியல் மாணவனான எனக்கு இதில் பிடித்தது உரிமச் சண்டைதான். ஆரம்ப உரிமப்படி யாரும் வைனை எடுத்து, மாற்றி, விற்கலாம். மாற்றத்தைத் தர வேண்டியதில்லை. டிரான்ஸ்கேமிங் நிறுவனம் அப்படி எடுத்து கேம்களுக்காக வளர்த்து விற்றது. மாற்றங்களை முழுதாகத் திருப்பித் தரவில்லை. 2002 மார்ச்சில் வைன் எல்.ஜி.பி.எல். உரிமத்துக்கு மாறியது. அதாவது, விற்றுக்கொள், ஆனால் வைனில் செய்த மாற்றத்தின் நிரலைக் கொடு. 2018-ல் வால்வ் நிறுவனம் வைனை வைத்துப் புரோட்டானை உருவாக்கியபோது அதன் நிரலும் வெளியே வந்தது. 2022-ல் விற்பனைக்கு வந்த ஸ்டீம் டெக், லினக்ஸில் ஓடியபடியே விண்டோஸ் கேம்களை ஆடுவது இதை நம்பித்தான்.

இன்னொரு வழியும் உண்டு. ஈஸி ஆர்.பி.ஜி. குழுவினர் ஆர்.பி.ஜி. மேக்கர் 2000, 2003 கேம்களை ஓட்டும் எஞ்சினையே கட்டற்ற மென்பொருளாகத் திரும்ப எழுதினார்கள். அதில் யுமே நிக்கிக்கு வைனே தேவையில்லை.

கிகியாமா யாரென்று இன்றும் உலகுக்குத் தெரியாது. அவர் லினக்ஸுக்கு ஒரு வரிகூட எழுதித் தரவில்லை. ஆனாலும் அவர் கேம் லினக்ஸில் ஓடுகிறது. சந்தை சிறியது, செலவு கட்டுபடியாகாது என்று எங்கள் பாடப்புத்தகம் கைவிட்டிருக்கும் வேலை இது. சம்பளம் இல்லாமலே பலர் வருடக்கணக்கில் செய்தார்கள். அதைப் பேரேட்டில் எந்தப் பக்கம் எழுதுவது?