தூங்கெயில்

தூங்கெயில் என்பது எதிலும் ஊன்றாமல் வானில் தொங்கி, இடம்விட்டு இடம் நகர்ந்ததாகத் தமிழ் இலக்கியம் சொல்லும் அசுரர் கோட்டை. மூன்று கோட்டைகளாகக் கொள்ளும்போது மூவெயில், முப்புரம், திரிபுரம் என்றும் வழங்கும். அலைந்து திரியும் நிலாக்களையும் விண்வெளி நகரங்களையும் வைத்து இன்று எழுதப்படும் அறிவியல் புனைகதைகளுக்கு நம்மிடம் ஒரு மூதாதை உண்டென்றால் இதுதான்.

சங்க நூல்களில் இந்தக் கோட்டையை அழித்தவர்கள் இருவர். ஒருவன் சோழன். புறநானூற்றின் 39ஆம் பாட்டில் மாறோக்கத்து நப்பசலையார், குளமுற்றத்துத் துஞ்சிய கிள்ளிவளவனிடம் அவன் முன்னோரின் பெருமைகளை வரிசையாக எடுத்துச் சொல்கிறார். புறாவுக்காகத் தன்னைக் கொடுத்தவன் ஒரு முன்னோன், தூங்கெயிலை அழித்தவன் இன்னொரு முன்னோன். அப்படிப்பட்ட குடியில் பிறந்தவனுக்குப் பகைவரை வெல்வதெல்லாம் ஒரு புகழா என்பது புலவரின் வாதம். நல்லூர் நத்தத்தனாரின் சிறுபாணாற்றுப்படை உறையூரைச் சொல்ல வரும்போது இதே செய்தியைத் தொட்டுச் செல்கிறது. மணிமேகலையில் இவனுக்குத் தொடித்தோட் செம்பியன் என்று பெயர். அகத்தியர் சொல்கேட்டு, புகாரில் 28 நாள் இந்திர விழாவைத் தொடங்கிவைத்தவன் இவனே. சிலப்பதிகாரத்தின் வாழ்த்துக் காதையில் அம்மானைப் பாட்டிலும் வருகிறான். பிற்காலத்தில் கலிங்கத்துப்பரணி சோழர் குடிவழியை அடுக்கும் இடத்திலும் அவனுக்கு ஓர் இருக்கை உண்டு. ஆயிரம் ஆண்டுக்கு மேல் ஒரு குடி தன் கணக்கில் எழுதிவைத்திருந்த வெற்றி இது.

இன்னொருவர் சிவன். மதுரை மருதன் இளநாகனார் பாடிய புறநானூறு 55, மலையை வில்லாகவும் பாம்பை நாணாகவும் கொண்டு ஓர் அம்பில் மூன்று எயிலையும் வீழ்த்தியவராக அவரைக் காட்டுகிறது. பரிபாடலின் ஐந்தாம் பாட்டில் கடுவன் இளவெயினனார் உலகையே தேராக்கி, வேதத்தைக் குதிரையாக்கி, பிரமனைப் பாகனாக்கி விடுகிறார். சோழன் எந்த ஆயுதத்தால் அழித்தான், எங்கிருந்து எய்தான் என்பதைப் பற்றிப் பாடல்கள் பேசுவதில்லை. சிவனுக்கோ முழுத் தளவாடமும் இருக்கிறது. இரண்டில் எது நிலைக்கும் என்பது அப்போதே தீர்ந்துவிட்டது என்று தோன்றுகிறது.

கோட்டைகள் நகர்ந்த விதத்தை விரித்துச் சொல்வது மகாபாரதத்தின் கர்ண பருவம். சல்லியனைக் கர்ணனுக்குத் தேரோட்டச் சம்மதிக்க வைப்பதற்காகத் துரியோதனன் சொல்லும் கதை அது. பிரமனே பாகனாக உட்கார்ந்தான், உனக்கென்ன குறை என்பது உள்குத்து. தாரகனின் மக்களான தாரகாட்சன், கமலாட்சன், வித்யுன்மாலி மூவருக்கும் மயன் பொன், வெள்ளி, இரும்பு நகரங்களைக் கட்டித் தருகிறான். பொன்னகரம் விண்ணுலகிலும் வெள்ளி நகரம் நடுவானிலும் இரும்பு நகரம் மண்ணிலுமாகத் தனித்தனியே சுற்றும். ஆயிரம் ஆண்டுக்கு ஒருமுறை மூன்றும் ஒன்றுசேரும். அந்த நொடியில் ஒரே அம்பால் எய்பவனுக்கு மட்டுமே அவை அழியும். இன்றைய கண்ணில் இது ஏவுநாள் கணக்கு. பூமியும் செவ்வாயும் தோதான நிலைக்கு வர ஏறத்தாழ 26 மாதம் காத்திருக்க வேண்டும் என்பதால்தான் மங்கள்யான் விண்கலம் 2013 நவம்பர் 5ஆம் தேதியன்று புறப்பட்டது. கதையைக் கட்டியவர்களுக்கு வானத்துப் பொருள்கள் தத்தம் வேகத்தில் நகர்ந்து எப்போதாவது நேர்கோட்டில் நிற்கும் என்பது நன்றாகத் தெரிந்திருக்கிறது.

பக்தி இயக்கக் காலத்தில் வானத்துக் கோட்டைக்கு மண்ணில் முகவரி கிடைத்தது. பண்ருட்டிக்கு அருகே, கெடில ஆற்றங்கரையில் உள்ள திருவதிகை, அட்ட வீரட்டத் தலங்களில் முப்புரம் எரித்த தலமாயிற்று. திருமூலர் எதிர்த்திசையில் போனார். முப்புரம் என்பது மும்மலமே என்றார். கோட்டை ஆளுக்குள்ளேயே வந்துவிட்டது.

சோழர் வெற்றியும் சிவன் வெற்றியும் தஞ்சையில் ஒரே கூரைக்கடியில் வந்து சேர்கின்றன. 1010இல் இராசராசன் முடித்த பெரிய கோயிலில் விமானத்தின் மேல்நிலைச் சுவர் மாடங்களில் முப்புரம் எரித்த சிவனான திரிபுராந்தகர் சிற்பம் திரும்பத் திரும்ப வருகிறது. வேறெந்த வடிவத்துக்கும் இவ்வளவு இடம் இல்லை. கருவறையைச் சுற்றிய உள்நடையில், நாயக்கர் கால ஓவியப் பூச்சுக்கு அடியிலிருந்து 1931இல் எஸ்.கே. கோவிந்தசாமி வெளிக்கொணர்ந்த சோழர் ஓவியங்களில் திரிபுரப் போர் மிகப் பெரியது. எட்டுக் கையோடு தேரில் சிவன், எதிரே அசுரர் படை. முன்னோன் தூங்கெயிலை அழித்தவன் என்று பாடக் கேட்டு வளர்ந்த அரசனுக்கு இந்த வடிவம் ஏன் பிடித்தது என்பதைப் பெரிதாக ஆராய வேண்டியதில்லை.

மேற்கே இதற்கு நெருங்கிய உறவு ஜோனதன் ஸ்விஃப்ட் 1726இல் வெளியிட்ட கலிவரின் பயணங்களில் வரும் லபூட்டா என்ற பறக்கும் தீவு. காந்தக் கல்லால் நகரும் அந்தத் தீவு, கலகம் செய்யும் ஊருக்கு மேலே நின்று வெயிலையும் மழையையும் மறைக்கும்; அடங்காவிட்டால் ஊர்மேலேயே இறங்கும். முப்புரமும் பறந்துபோய் ஊர்கள்மேல் இறங்கி நசுக்கியது என்றுதான் நம் சைவ மரபிலும் சொல்வார்கள். அலையும் நிலா முழு வடிவில் வந்தது 1975இல் ஒளிபரப்பாகத் தொடங்கிய ஸ்பேஸ்: 1999 என்ற பிரிட்டிஷ் தொலைக்காட்சித் தொடரில். நிலாவில் குவித்துவைத்த அணுக்கழிவு வெடித்து, நிலாவே பூமியின் பிடியிலிருந்து கழன்று அண்டவெளியில் போகிறது. அதிலிருந்த ஆல்ஃபா தளத்தின் 311 பேர் என்ன ஆனார்கள் என்பதே 48 பகுதிகளின் கதை.

இங்கேதான் நம் மரபின் குறை தெரிகிறது. எய்தவன் யார், வில் எது, நாண் எது என்பதில் காட்டிய அக்கறையை நம் புலவர்கள் கோட்டைக்குள் இருந்தவர்கள்மேல் காட்டவில்லை. தூங்கெயிலில் தெருக்கள் உண்டா, சோறு எங்கிருந்து வந்தது, கீழே பார்த்தால் என்ன தெரிந்தது என்று எந்தப் பாட்டும் கேட்கவில்லை. தஞ்சை ஓவியர் மட்டும் அசுரர்களைப் பற்றிக்கொண்டு நிற்கும் அவர்கள் பெண்களின் கலக்கத்தைத் தீட்டியிருக்கிறார்.

இன்னொரு விதிவிலக்கு தேவாரம் பாடிய சுந்தரர். அவர் திருப்புன்கூர்ப் பதிகத்தில் முப்புரத்தில் பிழைத்த மூவரைப் பற்றிச் சொல்கிறார். இருவர் சிவன் கோயிலுக்கு வாயிற்காவலர் ஆனார்கள். மூன்றாமவர், இறைவன் ஆடும்போது மணிமுழா வாசிக்கும் வேலைக்குப் போனார்.