வேலையோடு கட்டிய வீடு: மான்செஸ்டர் ஐரிஷ்காரரும் கிள்ளான் பள்ளத்தாக்குத் தமிழரும்

சிக்கல்

தொழில்மயமாகும் நாட்டுக்குள் கூலிகளாக வந்து சேரும் மக்களின் பிற்காலத்தை எது தீர்மானிக்கிறது? இக்கேள்வி எழும்போது ஐரோப்பிய வரலாற்றாசிரியர்கள் முதலில் எடுத்துக்காட்டுவது, 19ஆம் நூற்றாண்டில் மான்செஸ்டருக்கும் லிவர்பூலுக்கும் பிழைக்கப்போன ஐரிஷ்காரரைத்தான். நமக்கு அருகில் உள்ள சான்று மலேசியாவின் கிள்ளான் பள்ளத்தாக்குத் தமிழர். இருவரும் பிரிட்டிஷ் அரசின் குடிகள்; இருவரும் வறிய கிராமங்களிலிருந்து கிளம்பியவர்கள்; பிறர் செய்ய மறுத்த வேலைகளை ஏற்றவர்கள். ஆயினும் இரண்டு மூன்று தலைமுறைகளுக்குள் ஐரிஷ்காரர் இங்கிலாந்தின் தொழிலாளர் வர்க்கத்தோடு பெரும்பாலும் கலந்துவிட்டனர். தோட்டத் தமிழரோ நான்காம் தலைமுறையிலும் வீட்டுக்காகப் போராட வேண்டியிருந்தது.

இந்த வேறுபாட்டுக்குக் காரணம் வந்தவர்களின் பண்பாடு அன்று. வேலை, வீடு, பள்ளி ஆகிய மூன்றும் ஒரே முதலாளியின் கையில் இருந்தனவா, பிரிந்து கிடந்தனவா என்பதே காரணம். இதுவே இக்கட்டுரையின் வாதம்.

ஒரே பழி

மருத்துவர் ஜேம்ஸ் பிலிப்ஸ் கே 1832-இல் மான்செஸ்டர் தொழிலாளர் நிலைபற்றி எழுதிய நூலில், ஆங்கிலத் தொழிலாளியின் வாழ்க்கைத்தரம் தாழ்ந்ததற்கு ஐரிஷ்காரரின் பழக்கங்களைக் குற்றம் சாட்டினார். 1845-இல் எங்கெல்ஸ் எழுதிய நூல் முதலாளித்துவத்தைச் சாடியது. ஆனாலும் ஐரிஷ்காரரின் குடியையும் அழுக்கையும் பேசும் இடத்தில் அதே குரல்தான் ஒலித்தது. மலாயாவில் ரப்பர்த் தோட்டத் துரைமார்கள் தமிழரைப் பற்றிச் சொன்னதும் இவ்வகையே: அடங்கி நடப்பவர்கள், குறைந்த கூலிக்கு ஒப்புபவர்கள், கள்ளுக்கு அடிமையானவர்கள்.

ஆனால் தோட்டத்துக் கள்ளுக்கடை அரசின் உரிமத்தோடு நிருவாகத்தின் எல்லைக்குள்ளேயே நடந்தது. குறைந்த கூலியோ தோட்ட முதலாளிகள் கூடிப் பேசி வைத்தது. சூழலை உண்டாக்கியவர்களே அதன் விளைவை அங்கு வாழ்ந்தவர்களின் இயல்பாகக் காட்டினர். அயர்லாந்தில் 1845க்குப் பின் உருளைக்கிழங்குப் பஞ்சமும், சென்னை மாகாணத்தில் 1876-78 தாது வருடப் பஞ்சமும் மக்களை ஊரைவிட்டு நகர்த்திய நிலையையும் இப்பழி மறைத்துவிடுகிறது.

இரயில் வந்த வழி

கிள்ளான் பள்ளத்தாக்கின் தொழில் வரலாறு ஈயத்தோடும் இரயிலோடும் தொடங்குகிறது. கோலாலம்பூரையும் கிள்ளான் ஆற்றங்கரைப் புக்கிட் கூடாவையும் இணைத்த பாதை 1886-இல் திறக்கப்பட்டது. 1901-இல் போர்ட் சுவெட்டன்ஹாம் துறைமுகம் செயல்படத் தொடங்கியபின் ஈயமும் ரப்பரும் இவ்வழியே கப்பலேறின. செங்கற்சூளைகள் இருந்த பிரிக்பீல்ட்ஸ், இரயில்வே குடியிருப்புகளின் இடமாயிற்று.

அங்குக் கூடிய தமிழர் ஒரே வகையினர் அல்லர். நிலைய அதிபர்களாகவும் கிராணிமார்களாகவும் (எழுத்தர்களாகவும்) வந்தவர்களில் பெரும்பாலோர் யாழ்ப்பாணத்தார். இலங்கைப் பொதுப்பணித் துறையில் இருந்து சிலாங்கூருக்கு வந்த பொறியாளர் சார்லஸ் எட்வின் ஸ்பூனர் போன்ற அதிகாரிகளுக்கு அவர்களின் ஆங்கிலக் கல்வி முன்பே தெரியும். தண்டவாளம் போட்டவர்களும் செந்தூல் பட்டறையில் இரும்போடு மல்லாடியவர்களும் தமிழ்நாட்டுக் கிராமங்களிலிருந்து வந்தவர்கள்.

யாழ்ப்பாணத்தார் 1900-இல் சிலாங்கூர் இலங்கைத் தமிழர் சங்கத்தை அமைத்தனர். ஸ்காட் சாலைக் கந்தசுவாமி கோயில் இலங்கைச் சைவர்களின் முயற்சி. விவேகானந்தா ஆசிரமம் 1904-இல் தொடங்கிற்று. இவை யாவும் சம்பளமும் ஓய்வூதியமும் நிச்சயமாக உள்ள மக்கள் கட்டக்கூடிய அமைப்புகள். குடியிருப்பு இங்கும் அரசுடையதே. வேலை முடிந்தால் வீட்டை விட வேண்டும். ஆனால் பள்ளி முதலாளியின் கையில் இல்லை. தம்புசாமிப் பிள்ளை உள்ளிட்டோர் முன்நின்று 1893-இல் நிறுவிய விக்டோரியா கல்விக்கழகமும் மெதடிஸ்ட் ஆண்கள் பள்ளியும் நடந்துபோகும் தூரத்தில் இருந்தன. தகப்பன் தண்டவாளத்தில் உழைத்தாலும் மகன் நகரத்துப் பள்ளிக்குள் நுழைய வாய்ப்பு இருந்தது.

தோட்டத்தின் எல்லை

பிரிக்பீல்ட்ஸை அடுத்த பங்சாரே அக்காலத்தில் ரப்பர்த் தோட்டம். அங்கிருந்து கிள்ளான், கேரித் தீவு வரை பால்மரங்கள் பரவின. 1907-இல் உருவான தமிழர் குடிநுழைவு நிதிக்கு முதலாளிகள் வரி செலுத்தினர். அந்த நிதி கப்பற்செலவை ஏற்றது. 1910-இல் சஞ்சிக்கூலி என்னும் ஒப்பந்தக் கூலி முறை நின்றது. அதன்பின் ஆள்திரட்டும் பொறுப்பு பெரும்பாலும் கங்காணியிடம் வந்தது. தன் ஊரிலிருந்து தன் உறவுகளை அழைத்து வந்தவனே பெரட்டு எனும் காலை வருகைக் கணக்கெடுப்பில் ஆள் எண்ணினான். உறவும் கடனும் மேற்பார்வையும் ஒரே ஆளிடம் சேர்ந்தன.

வீடு என்பது லயம் எனப்பட்ட வரிசைக் குடியிருப்பில் ஓர் அறை. தோட்டம் கொடுத்தது, வேலை நின்ற அன்று தோட்டமே திரும்ப எடுத்துக்கொள்ளும். பள்ளியும் அவ்வாறே. பள்ளி வயதுப் பிள்ளைகள் பத்துப் பேர் இருந்தால் தோட்டம் பள்ளி நடத்த வேண்டும் என்றது 1923ஆம் ஆண்டுத் தொழிலாளர் சட்டம். சட்டத்தின் அளவுக்கு ஒரு கொட்டகை எழுந்தது. பல இடங்களில் கிராணியே வாத்தியாருமானார். தமிழில் எழுதப் படிக்கத் தெரிந்த பிள்ளை அதற்கு மேலே போக வழியில்லாமல் மறுபடி பால் சேகரிக்கும் மங்கையும் வாளியையும் தூக்கிற்று.

மான்செஸ்டரின் ஆன்கோட்ஸ், லிட்டில் அயர்லாந்து சேரிகள் லயத்தைவிடச் சுகமானவை அல்ல. நிலவறைகளில் வாழ்ந்தவர்கள் ஏராளம். ஆனால் அந்த அறைக்கு வாடகை வாங்கியவன் பெரும்பாலும் வேறொருவன். ஆலை முதலாளி அல்லன். ஓர் ஆலையில் சண்டை போட்டவன் அதே அறையில் உறங்கி எழுந்து அடுத்த ஆலைக்குப் போகலாம். டோனிகாலில் பிறந்த ஜான் டோஹர்ட்டி, 1829-இல் நூற்பாலைத் தொழிலாளரின் பொதுச் சங்கத்தை உருவாக்கும் அளவுக்கு உயர முடிந்ததில் இந்தச் சிறு விடுதலைக்கும் பங்குண்டு.

மிதிவண்டியை விட்டு இறங்காதவர்கள்

தோட்டத் தமிழர் அடங்கியவர்கள் என்னும் கூற்றை 1941-ஆம் ஆண்டே மறுத்துவிட்டது. 'தமிழ் நேசன்' இதழில் துணையாசிரியராக இருந்த ஆர். எச். நாதன், கிள்ளான் வட்டார இந்தியர் சங்கத்தின் வழியே தோட்டத் தொழிலாளரைத் திரட்டினார். உலகப்போரால் ரப்பர் விலை ஏறியிருந்தது, கூலி அதற்கேற்ப ஏறவில்லை. மார்ச்சு முதல் தோட்டம் தோட்டமாக வேலைநிறுத்தம் பரவிற்று.

கோரிக்கைகளை உற்றுநோக்க வேண்டும். சீனத் தொழிலாளருக்கு இணையான கூலி கேட்டனர். கள்ளுக்கடைகளை மூடச் சொன்னார்கள். பிள்ளைகளுக்கு முறையான கல்வி, பெண்களிடம் முறைகேடாக நடப்பதற்கு முடிவு, சங்கம் வைக்கும் உரிமை ஆகியவையும் இருந்தன. இவற்றோடு இன்னொன்று: துரை எதிரே வந்தால் மிதிவண்டியை விட்டு இறங்கி நிற்கும் வழக்கம் ஒழிய வேண்டும்.

இது மானம் பற்றியது மட்டுமன்று. லயத்துக்காரனை முதன்முதலாகத் தோட்டத்துக்கு வெளியே, தன் விருப்பப்படி, கிள்ளான் பட்டணம் வரை கொண்டுபோனது மிதிவண்டி. செய்தித்தாளும் சங்கத்துச் செய்தியும் அடுத்த தோட்டத்துச் சேதியும் அதிலேதான் வந்தன. முதலாளியின் அதிகாரம் தோட்ட எல்லையோடு முடிந்துவிடும் என்பதை அன்றாடம் காட்டிய பொருள் அது. அதனால்தான் அதன்மீது அமர்ந்திருப்பவனைக் கீழே இறக்குவது துரைக்கு அவ்வளவு முக்கியமாயிற்று.

மே மாதத் தொடக்கத்தில் நாதன் கைது செய்யப்பட்டார், பின் நாடுகடத்தப்பட்டார். போராட்டம் சிலாங்கூர் முழுவதும் பரவ, அவசரநிலை அறிவிக்கப்பட்டு, படை வந்தது. துப்பாக்கிச் சூட்டில் தொழிலாளர் உயிரிழந்தனர். போருக்குப் பின் பல இனத் தொழிலாளரின் கூட்டமைப்புக்குத் தலைமை ஏற்ற எஸ். ஏ. கணபதி, 1949 மே மாதம் புடு சிறையில் தூக்கிலிடப்பட்டார். டோஹர்ட்டிகள் தமிழரிடையேயும் தோன்றினர். அவர்கள் தழைக்க அரசு இடம் கொடுக்கவில்லை.

இரு மறுப்புகள்

யாழ்ப்பாணத்தாரின் உயர்வுக்கு, 1816 முதல் அங்கு இயங்கிய அமெரிக்க மிஷன் பள்ளிகளே காரணம், இடமன்று எனலாம். அது உண்மையின் ஒரு பாதி. ஆயினும் இரயில்வேக் கூலிகளும் தோட்டக் கூலிகளும் ஒரே தஞ்சை, திருச்சி, சேலம், வடார்க்காட்டு மாவட்டங்களிலிருந்து, பெரும்பாலும் ஒரே சமூகங்களிலிருந்து வந்தவர்கள். மிஷன் பள்ளி இருவருக்கும் இல்லை. செந்தூல், பிரிக்பீல்ட்ஸ் பிள்ளைக்கு நகரம் திறந்திருந்தது. லயத்துப் பிள்ளைக்கு மூடியிருந்தது. ஊரும் குலமும் ஒன்றாக இருக்கையில் வேறுபட்டது இடம் மட்டுமே.

ஐரிஷ்காரருக்கு வெள்ளைத் தோலும் குடியுரிமையும் இருந்தன என்பது இரண்டாம் மறுப்பு. இது வலுவானது, என் வாதத்தை இது திருத்துகிறது, தகர்க்கவில்லை. 1847-இல் லிவர்பூல், பஞ்சத்துக்குத் தப்பி வந்தவர்களை ஏழையர் சட்டப்படி ஆயிரக்கணக்கில் அயர்லாந்துக்கே திருப்பி அனுப்பியது. 1930களின் பொருளாதார மந்தத்தில் மலாயா தமிழரைப் பல்லாயிரக்கணக்கில் நாகப்பட்டினத்துக்கும் சென்னைக்கும் கப்பலேற்றியது. உரிமை ஏட்டில் இருந்தாலும் தங்குமிடம் இல்லாதவனை அனுப்பிவிடுவது எளிது.

ஆலைகள் வந்தபோது

விடுதலையை ஒட்டியும் அதன் பின்னும் பள்ளத்தாக்கு வேகமாக மாறியது. 1950களில் பெட்டாலிங் ஜெயா. 1970களில் சுங்கை வே தடையற்ற வணிக மண்டலம். சுங்கை ரெங்கம் தோட்ட நிலத்தில் ஷா ஆலம். சீஃபீல்டு தோட்டத்தில் சுபாங் ஜெயா. ரப்பர் நிலம் வீட்டுமனையாகவும் ஆலைமனையாகவும் விலை ஏறியது. அந்த விலையில், மரம் நட்டவர்களுக்குப் பங்கு இல்லை.

இங்கேதான் இரு வரலாறுகளும் முற்றாகப் பிரிகின்றன. ஐரிஷ்காரரைத் தொழில்மயம் உள்ளே இழுத்தது. தோட்டத் தமிழரை அது வெளியே தள்ளியது. நிலம் கைமாறிய நாளில் வேலை, வீடு, பள்ளி, அம்மன் கோயில் நான்கும் ஒன்றாகப் போயின. குடியுரிமை இல்லாதவர்களுக்கு 1969 முதல் வேலை அனுமதிச் சீட்டும் தடையாயிற்று. தோட்டத்திலிருந்து வெளியேறியவர்கள் நகர விளிம்பின் புறம்போக்குக் குடிசைகளுக்குப் போனார்கள். நூறாண்டு உழைப்புக்குப் பின்னும் புதிதாக வந்தவர்களாகவே நகரத்துக்குள் நுழைந்தனர்.

முடிவுரை

கிள்ளான் பள்ளத்தாக்குத் தமிழரின் பின்தங்கலை மதுவாலும் ஒற்றுமையின்மையாலும் விளக்கும் பேச்சு நம்மவரிடையே இன்னும் ஒலிக்கிறது. அது கே எழுதிய பழியின் மறுபதிப்பு. ஐரிஷ்காரர் குடியை விட்டதால் உயரவில்லை; வேலையிலிருந்து வீட்டைப் பிரித்துக்கொள்ள முடிந்ததால், பிள்ளையை வேறொரு வாசலுக்கு அனுப்ப முடிந்ததால் உயர்ந்தனர். எனவே இன்று எஞ்சியிருக்கும் தோட்டங்களைப் பற்றிய கொள்கை, இழப்பீட்டுத் தொகையில் நின்றுவிடக் கூடாது. நிலம் விற்கப்படும் முன்பே தொழிலாளிக்கு அதே வட்டாரத்தில் சொந்தப் பெயரில் வீட்டுப் பட்டா கிடைக்க வேண்டும். அவன் பிள்ளைகள் படிக்கும் தமிழ்ப்பள்ளிக்கு நிலம் சட்டப்படி ஒதுக்கப்பட வேண்டும். சலுகை என்று இதைக் குறைத்துச் சொல்வது தவறு. 1941-இல் கிள்ளானில் கேட்கப்பட்டு இன்னும் முழுமையாகத் தரப்படாத உரிமையின் தொடர்ச்சி இது.