அசையாப் படங்களில் ஓர் அசைவு

1962ஆம் ஆண்டு பிரான்சு நாடு ஒரு போரை முடித்துக்கொண்டு, அதைப் பற்றிப் பேசாதிருக்கப் பழகிக்கொண்டிருந்தது. மார்ச் மாதத்தில் ஏவியான் உடன்படிக்கை கையொப்பமாயிற்று. சூலையில் அல்ஜீரியா விடுதலை பெற்றது. ஏழாண்டுகளுக்கு மேல் நீடித்த அப்போரில் கைதிகள் வதைக்கப்பட்ட செய்தி பலருக்கும் தெரிந்தே இருந்தது. எனினும் நாடு வாய்மூடி நின்றது. அவ்வாண்டில் கிறிஸ் மார்க்கர் உருவாக்கிய குறும்படமே 'லா ஜெத்தே'.

28 நிமிடங்கள் ஓடும் இப்படம் அசையாப் புகைப்படங்களைக் கோத்து அமைக்கப்பட்டது. ஒரு குரல் கதையைச் சொல்லிச் செல்கிறது. மூன்றாம் உலகப் போரில் பாரீஸ் அழிகிறது. எஞ்சியோர் நிலத்தடிச் சுரங்கங்களில் ஒடுங்குகின்றனர். வென்றவர்கள் உணவும் ஆற்றலும் தேடிக் கைதிகளைக் காலத்தினூடே அனுப்பிப் பார்க்கின்றனர். சிலர் மாள்கின்றனர், சிலர் சித்தம் கலங்குகின்றனர். ஒருவன் மட்டும் தாங்குகிறான். சிறுவனாய் இருந்தபோது, ஒரு ஞாயிறன்று, ஓர்லி விமான நிலையத்தில் கண்ட பெண்ணின் முகத்தை அவன் மறக்கவில்லை. அன்று அங்கே ஒரு மனிதன் செத்து வீழ்ந்ததையும் அவன் கண்டிருந்தான்.

பரிசோதிப்போர் செர்மானிய மொழியில் முணுமுணுக்கின்றனர். நாத்சி வதைமுகாம்களைப் பற்றி ஆலன் ரெனே 1955இல் எடுத்த 'இரவும் மூடுபனியும்' படத்தில் மார்க்கர் உதவி இயக்குநராய்ப் பணியாற்றியவர். வருங்காலக் கதையென்று அவர் காட்டியதில், ஐரோப்பா கண்டும் மறக்க விரும்பிய கொடுமையின் சாயல் இருக்கிறது.

கடந்த காலத்துக்குச் சென்றவன் அப்பெண்ணைச் சந்திக்கிறான். ஒருமுறை, உறக்கம் கலைந்து அவள் கண் திறக்கிறாள். படம் முழுவதிலும் அசைவு உள்ளவை அந்தச் சில நொடிகளே. உறைந்துபோன உலகில், ஒருவர் நம்மை நோக்கிக் கண் திறப்பதே உயிர்.

வருங்கால மாந்தர் அடைக்கலம் தர முன்வந்தும், அவன் அந்தப் பழைய ஞாயிற்றுக்கே திரும்புகிறான். அவளை நோக்கி ஓடுகையில் கொல்லப்படுகிறான். சிறுவனாய் அவன் கண்டது தன் சாவையே.

பாரீஸில் உள்ள உருசிய ஆர்த்தடாக்ஸ் பேராலயப் பாடகர் குழுவின் பெரிய சனிக்கிழமை வழிபாட்டு இசை இப்படத்தில் ஒலிக்கிறது. சிலுவைக்கும் திறந்த கல்லறைக்கும் இடைப்பட்ட நாள் அது. படமும் அந்நாளைத் தாண்டிச் செல்லவில்லை. நாமோ வெள்ளியிலிருந்து ஞாயிற்றுக்கு விரைகிறோம். 'நடந்தது நடந்துவிட்டது' என்று சொல்லி, மாண்டோரின் முகங்களை மூடிவிடுகிறோம். மறவாத ஒரு முகமே அக்கைதியைத் தாங்கியது. துயருற்ற ஒருவரருகில், ஆறுதல் மொழிக்கு அவசரப்படாமல், அந்தச் சனிக்கிழமையில் சற்றே அமர்ந்திருக்க நாம் கற்றுக்கொள்ள வேண்டும்.