லேக் வியூ ரோட்டில் ஏரி இல்லை

மேற்கு மாம்பலத்தில் லேக் வியூ ரோடு என்று ஒரு தெரு இருக்கிறது. சென்னைக்கு வேலைக்கு வந்த புதிதில் அந்தப் பக்கம் மேன்ஷனில் தங்கியிருந்த நண்பனைப் பார்க்கப் போவேன். மொட்டை மாடியில் நின்றால் தெரிவது எதிர்வீட்டு சின்டெக்ஸ் தொட்டிதான். "ஏரி எங்கடா?" என்பது எங்களுக்குள் பல வருஷம் ஓடிய ஜோக். நுங்கம்பாக்கத்தில் டேங்க் பண்ட் ரோடு இருக்கிறது. அங்கேயும் ஏரி இல்லை, கரையும் இல்லை. இரண்டு தெருக்களும் ஒரே ஏரியின் பெயரைத்தான் சுமந்துகொண்டிருக்கின்றன என்று தெரிந்துகொள்ள எனக்குப் பத்து வருஷம் ஆனது.

மவுண்ட் ரோட்டுக்கு மேற்கே, நுங்கம்பாக்கத்திலிருந்து சைதாப்பேட்டைப் பக்கம் வரை பிறைபோல வளைந்து கிடந்த ஏரி அது. வெள்ளைக்காரர்களின் வரைபடங்களில் அதன் பெயர் லாங் டேங்க். 1920இல் சென்னை நகர அமைப்புச் சட்டம் வந்தது. அதே ஆண்டு இறுதியில் நடந்த தேர்தலில் நீதிக்கட்சி ஆட்சிக்கு வந்தது. ஊர் நெரிசலாகிவிட்டது, நடுத்தர வர்க்கம் குடியிருக்க இடம் வேண்டும். ஏரியை வடித்து, மண் கொட்டி, மனை போட்டார்கள். அதுதான் தியாகராய நகர்.

தி.நகர் தெருப்பெயர்களை வரிசையாகப் படித்தாலே அந்த ஆட்சியின் வருகைப்பதிவேடு கிடைத்துவிடும். ஊர்ப்பெயர் பிட்டி தியாகராயர். பூங்கா, 1921 முதல் 1926 வரை முதல் மந்திரியாக இருந்த பனகல் ராஜா. இன்னொரு பூங்கா நடேச முதலியார். ஜி.என். செட்டி ரோடு, உஸ்மான் ரோடு எல்லாம் அதே கூட்டம். நடுவில் ஒரு பூங்கா, அதிலிருந்து ஆரங்கள்போலப் பிரியும் சாலைகள், தனித்தனி மனைகள். அழகான திட்டம், மறுக்க முடியாது. ரங்கநாதன் தெருவில் தீபாவளிக்கு முந்தைய ஞாயிற்றுக்கிழமை மாட்டிக்கொண்டவர்களுக்கு நான் சொல்வது நம்பும்படி இருக்காது, அது வேறு.

நான் சொல்ல வருவது ஒன்றுதான். ஏரிக்குள் வீடு கட்டுவதை இந்த நகரத்தில் முதலில் பெரிய அளவில், சட்டம் போட்டு, வரைபடம் வரைந்து செய்தது அரசாங்கம். அதற்கு ஆக்கிரமிப்பு என்று பெயரில்லை. நகர விரிவாக்கம் என்று பெயர்.

அடுத்து சிஐடி நகர். சின்ன வயதில் துப்பறியும் போலீஸ்காரர்கள் குடியிருக்கும் இடம் என்றுதான் நினைத்திருந்தேன். அது சிட்டி இம்ப்ரூவ்மென்ட் டிரஸ்ட். 1940களின் பிற்பாதியில் வந்த நகர மேம்பாட்டு அமைப்பு. நந்தனத்தை ஒட்டிய நகர், மயிலாப்பூரில் ஒரு காலனி, இரண்டுக்கும் அதன் பெயர்தான். அதே காலத்தில் அடையாறில் காந்தி நகர் எழுந்தது, கூட்டுறவு வீடுகட்டும் சங்கத்தின் வழியாக. 1961இல் வீட்டுவசதி வாரியம் வந்தது. இந்த வரிசையில் பயனடைந்தவர்கள் பெரும்பாலும் மாதச் சம்பளக்காரர்கள். தவணை கட்ட முடிந்தவர்கள், சங்கத்தில் உறுப்பினராகிக் கையெழுத்துப் போடத் தெரிந்தவர்கள். அவர்களின் பேரப்பிள்ளைகள் இன்று அந்த மனைகளை பில்டரிடம் கொடுத்து மூன்று ஃப்ளாட் வாங்கிக்கொள்கிறார்கள். அரசாங்கம் கொடுத்த மலிவு மனையில் தொடங்கிய சொத்து அது என்று யாரும் நினைவு வைத்துக்கொள்வதில்லை. "எங்க தாத்தா உழைச்சு வாங்கினது" என்பார்கள். உழைத்தார்தான். மனையும் கிடைத்தது.

மனை கிடைக்காதவர்கள் கூவத்தின் கரையிலும் அடையாற்றின் கரையிலும் பக்கிங்காம் கால்வாய் ஓரத்திலும் கடற்கரைக் குப்பங்களை ஒட்டியும் குடிசை போட்டார்கள். தி.நகர் வீடுகளுக்குச் செங்கல் சுமந்தவர்களும் பாத்திரம் தேய்த்தவர்களும் அவர்களில் அடக்கம்.

1970 செப்டம்பரில் கருணாநிதி அரசு குடிசை மாற்று வாரியத்தைத் தொடங்கியது. முதல் தலைவர் இராம. அரங்கண்ணல், அண்ணா காலத்து தி.மு.க.காரர், எழுத்தாளர். 'ஏழையின் சிரிப்பில் இறைவனைக் காண்போம்' என்பது வாரியத்தின் வாசகம். ஏழே ஆண்டில் சென்னையில் குடிசையே இல்லாமல் செய்வது இலக்கு. இன்று கேட்டால் சிரிப்பு வரும். ஆனால் அன்றைக்கு அவர்கள் செய்த ஒரு காரியத்தை நான் மதிக்கிறேன். குடிசை இருந்த இடத்திலேயே மாடி வீடு கட்டினார்கள். மெரினாவை ஒட்டிய நொச்சிக்குப்பம், அயோத்தியாகுப்பம் குடியிருப்புகள் அந்தக் கால வேலை. சின்ன வீடுகள்தான், காரை உதிரும். ஆனால் கட்டுமரம் பத்தடியில் இருக்கும், பள்ளிக்கூடம் இருக்கும், ஐஸ் ஹவுஸ் இருக்கும், ஓட்டு இருக்கும். கடைசியாகச் சொன்னது முக்கியம். அந்த ஓட்டு தி.மு.க.வின் ஓட்டு. அதனால்தான் கட்டினார்கள் என்று சொல்பவர்கள் உண்டு. இருக்கட்டுமே. ஓட்டுக்காகக் கட்டிய வீட்டிலும் மழை ஒழுகாது.

1971இல் குடிசைப் பகுதிகள் சட்டம் வந்தது. அதே காலத்தில் எடுத்த கணக்கெடுப்பில் சென்னையில் 1,202 குடிசைப் பகுதிகள், 1,63,000க்கும் மேற்பட்ட குடும்பங்கள். அந்த 1,202 இடங்களும் சட்டப்படி குடிசைப் பகுதிகளாக அறிவிக்கப்பட்டன. இந்த அறிவிப்பில்தான் விஷயம் இருக்கிறது. சட்டத்தின் 29ஆவது பிரிவுப்படி, அறிவிக்கப்பட்ட பகுதியில் இருப்பவரை உரிய அதிகாரியின் அனுமதி இல்லாமல் வெளியேற்ற முடியாது. பட்டியலில் உங்கள் தெரு இருந்தால் உங்களுக்கு ஒரு கவசம் உண்டு. 1985இல் இன்னும் 17 இடங்கள் சேர்ந்தன. மொத்தம் 1,219. அதன் பிறகு வந்த ஆண்டுகளில் பட்டியல் அப்படியே நின்றுவிட்டது. நகரம் நிற்கவில்லை. 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பு சென்னையில் 13 லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் குடிசைப் பகுதிகளில் இருப்பதாகச் சொன்னது.

என் தொழிலில் இதை எங்களுக்கு நன்றாகத் தெரியும். டேபிளில் ரெக்கார்டு இல்லை என்றால் அந்த ஆள் இல்லை. எர்ரர்கூட வராது. அமைதியாக அடுத்த வரிக்குப் போய்விடும்.

இதற்கிடையில் 1977இல் உலக வங்கி வந்தது. மாடி வீடு கட்டினால் வாரியத்துக்குக் கட்டுப்படியாகாது, எத்தனை கட்டினாலும் போதாது என்பது வங்கியின் வாதம். அதற்குப் பதில் மனையும் வசதியும். அரும்பாக்கம், வில்லிவாக்கம், கொடுங்கையூர் என்று அன்றைக்கு ஊருக்கு வெளியே இருந்த இடங்களில் மனை போட்டு, சாலை, தண்ணீர், கழிப்பறை கொடுத்து, மிச்சத்தை நீயே கட்டிக்கொள் என்பது. பல அளவுகளில் மனைகள். பெரியதையும் கடை மனைகளையும் சந்தை விலைக்கு விற்று, அந்த லாபத்தில் சின்ன மனைகளை ஏழைகளுக்கு மலிவாகக் கொடுத்தார்கள். வங்கியே பின்னால் இதில் சலித்துப்போய்க் கைவிட்டது. இருபது வருஷம் கழித்து ஆய்வாளர்கள் சென்னையிலும் மும்பையிலும் இந்த இடங்களைத் திரும்பிப் போய்ப் பார்த்து, பல வருமானக்காரர்கள் கலந்து வாழும் உருப்படியான பகுதிகளாக அவை மாறியிருப்பதாக 2018இல் எழுதினார்கள். தோல்வி என்று மூடிய ஃபைலில் வெற்றி இருந்திருக்கிறது.

இந்த வாரியத்துக்கும் வங்கிக்கும் நடந்த இழுபறி பற்றி 2011இல் எகனாமிக் அண்ட் பொலிடிகல் வீக்லியில் நித்யா ராமன் எழுதிய கட்டுரைதான் எனக்கு இந்த வரலாற்றின் வாசல். வாரியம் வங்கிக்கு முழுக்கப் பணியவில்லை, மாடி வீடு கட்டுவதை விடவில்லை. ஆனால் கடைசியில் கட்டிய இடம்தான் மாறிவிட்டது. அவர் சென்னையில் இந்த வேலை பார்த்துவிட்டு அமெரிக்கா திரும்பி, 2020இல் லாஸ் ஏஞ்சல்ஸ் நகர மன்ற உறுப்பினராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். அங்கேயும் பிரச்சினை வீடுதான். தெருவோரக் கூடாரங்களை என்ன செய்வது என்பதுதான்.

மாறிய இடம், 2000 வாக்கில் துரைப்பாக்கத்தில் வந்த கண்ணகி நகர். 15,000க்கும் மேற்பட்ட வீடுகள். முதல் கட்ட வீடுகளின் அளவு 195 சதுர அடி. என் ஆபீஸில் ஒரு நடுத்தர மீட்டிங் ரூம் அதைவிடப் பெரியது. அடுத்து செம்மஞ்சேரி, சுனாமியில் வீடிழந்தவர்களுக்கும் நகரத்துக்குள்ளிருந்து அகற்றப்பட்டவர்களுக்கும். அடுத்து பெரும்பாக்கம், எட்டு மாடிக் கட்டடங்கள், 20,000க்கும் மேற்பட்ட வீடுகள். 2015 வெள்ளத்துக்குப் பிறகு அடையாறு, கூவம் கரைகளிலிருந்து ஆயிரக்கணக்கான குடும்பங்களை லாரியில் ஏற்றிக் கொண்டுபோய் இறக்கினார்கள். நீர்நிலையில் இருக்கிறீர்கள், ஆபத்து, அதனால் போங்கள் என்றார்கள். போய்ச் சேர்ந்த பெரும்பாக்கம் பள்ளிக்கரணை சதுப்பு நிலத்தின் விளிம்பில் இருக்கிறது.

என் வீட்டில் வேலை செய்யும் அக்கா அப்படிப் போனவர்தான். நான் மந்தைவெளியில் வாடகைக்கு இருக்கிறேன், ஆபீஸ் சோழிங்கநல்லூர். அவர் பெரும்பாக்கத்திலிருந்து மந்தைவெளிக்கு வருகிறார், நான் மந்தைவெளியிலிருந்து கிட்டத்தட்ட அவர் வீட்டுப் பக்கம் போகிறேன். கால்வாய் ஓரத்தில் இருந்தபோது நான்கு வீட்டு வேலைக்கும் நடந்தே வந்துபோனவர். இப்போது ஒரு பக்கம் ஒன்றரை மணி நேரம். 2021லிருந்து சாதாரண பஸ்ஸில் பெண்களுக்கு டிக்கெட் இல்லை, அது பெரிய உதவி. ஆனால் அந்த பஸ்ஸுக்காகக் காத்திருக்க வேண்டும்.

நான் ஒரு தடவை, கொஞ்சம் படித்துவிட்ட மமதையில், "உங்கள அநியாயமா தூக்கிப் போட்டுட்டாங்கக்கா" என்றேன்.

"வீடு நல்லாத்தான் இருக்கு தம்பி. உள்ளயே கக்கூஸு. மழை பேஞ்சா எழுந்து உக்கார வேணாம். லிஃப்ட்டு நின்னாத்தான் பேஜாரு, ஆறாவது மாடி" என்றார். கொஞ்சம் கழித்து, "பொண்ணுதான் ஸ்கூல விட்டுட்டா. புது ஸ்கூலு ஒட்டல அவளுக்கு" என்றார். இரண்டையும் ஒரே குரலில் சொன்னார். அதில் எது கூடுதல் எது குறைவு என்று கணக்குப் போட என்னிடம் எந்த ஃபார்முலாவும் இல்லை.

1985 ஜூலையில் மும்பை நடைபாதைவாசிகள் தொடுத்த ஓல்கா டெல்லிஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம், வாழும் உரிமையில் பிழைப்புக்கான உரிமையும் அடங்கும் என்றது. வேலை செய்யும் இடத்துக்குப் பக்கத்தில் இருப்பதுதான் அந்தப் பிழைப்பு. அதே சமயத்தில் தீர்ப்பான சென்னை வழக்கு ஒன்றும் உண்டு. தொடுத்தவர் பின்னாளில் நீதிபதியாகி, 'ஜெய் பீம்' படத்தால் எல்லோருக்கும் தெரிந்துபோன கே. சந்துரு. சென்னையில் மாற்றிடம் கொடுத்துவிட்டே அகற்றுவார்கள் என்று நீதிமன்றம் அதில் நம்பிக்கை தெரிவித்தது. மாற்றிடம் எவ்வளவு தூரத்தில் என்ற கேள்விதான் மிச்சமாகிப் போனது.

2021இல் வாரியத்தின் பெயர் தமிழ்நாடு நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியம் என்று மாறியது. 2022 மே மாதம் ராஜா அண்ணாமலைபுரம் இளங்கோ தெருவை ஒட்டிய கோவிந்தசாமி நகரில், பக்கிங்காம் கால்வாய் ஓரத்தில், நீதிமன்ற உத்தரவின் பேரில் வீடுகளை இடித்தார்கள். பல பத்தாண்டுகளாக இருந்தவர்கள். இடிப்பை எதிர்த்து ஒருவர் தீக்குளித்து இறந்தார். அதன் பிறகுதான், அவர்களுக்கு மந்தைவெளி, மயிலாப்பூர் பகுதியில் கட்டப்படும் குடியிருப்புகளிலேயே வீடு தரப்படும் என்று முதல்வர் சட்டமன்றத்தில் அறிவித்தார். அதாவது, பக்கத்தில் கொடுக்க முடியும். 1970இல் முடிந்தது, 2022இலும் முடியும். இடம் இல்லை என்பது எப்போதும் சொல்லப்படும் காரணம். தி.நகருக்கு இடம் வேண்டியபோது ஏரியிலிருந்து எடுத்தார்கள்.

சம்பவம் நடந்த தெரு என் வீட்டிலிருந்து நடக்கும் தூரம். அன்றைக்கு எனக்கு ஒரு ரிலீஸ் இருந்தது. செய்தியை போனில்தான் படித்தேன்.

போன வருஷம் அக்கா கேட்டார். "மந்தவெளில ஒரு ரூம் கெடைச்சா சொல்லு தம்பி. பெரும்பாக்கத்து வீட்ட தங்கச்சி பாத்துக்கும்." எனக்குத் தெரிந்த ஒரு வீட்டு ஓனர், மாடியில் ஒற்றை அறை காலியாக இருப்பதாகச் சொல்லியிருந்தார். போன் செய்தேன். வாடகை எட்டாயிரம், பத்து மாச அட்வான்ஸ் என்றார். 2017 சட்டப்படி மூன்று மாதத்துக்கு மேல் வாங்கக் கூடாதே சார் என்று நான் சொல்லவில்லை. நான் குடியேறும்போதும் பத்து மாசம்தான் கொடுத்தேன்.

"யாருக்குப்பா? உங்க ஆபீஸ் ஃப்ரெண்டா?"

சொன்னேன். எதிர்முனையில் டிவி சத்தம் மட்டும் கேட்டது.

"இல்லப்பா, அந்த ரூமுக்கு ஏற்கெனவே ஒருத்தர் கேட்டிருக்காங்க. பாத்துட்டு சொல்றேன்."

அந்த அறைக்கு வெளியே 'டு லெட்' அட்டை இன்னும் இரண்டு மாசம் தொங்கியது. ஆபீஸ் கேபில் அந்தத் தெரு வழியாகத்தான் போவேன். அக்காவிடம் அந்த அறை போய்விட்டதாகச் சொல்லிவிட்டேன். "சரி, வேற பாரு" என்று பாத்திரத்தைக் கவிழ்த்து வைத்துவிட்டு, அஞ்சே முக்கால் பஸ்ஸைப் பிடிக்கக் கிளம்பினார்.